தெச்சிங் சியே: ஓர் ஆண்டையே படைப்பாக்கிய கலைஞர் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யார் இந்த தெச்சிங் சியே?

தைவானில் பிறந்து நியூயார்க்கில் வாழும் நிகழ்த்துகலைக் கலைஞர். 1978 முதல் 1986 வரை ஐந்து படைப்புகள் செய்தார். ஒவ்வொன்றும் சரியாக ஓர் ஆண்டு நீடித்தது. ஓர் ஆண்டு கூண்டுக்குள் இருந்தார். ஓர் ஆண்டு மணிக்கொரு முறை வருகைப் பதிவு இயந்திரத்தில் அட்டையைக் குத்தினார். ஓர் ஆண்டு எந்தக் கூரைக்கடியிலும் போகவில்லை. ஓர் ஆண்டு இன்னொரு கலைஞரோடு கயிற்றால் கட்டப்பட்டு வாழ்ந்தார். ஓர் ஆண்டு கலையின் பக்கமே திரும்பவில்லை. அதற்கு அப்புறம் பதின்மூன்று ஆண்டுகள் நீண்ட ஆறாவது படைப்பு ஒன்று. 2000-ஆம் ஆண்டு பிறந்ததும், இனி படைப்பு எதுவும் செய்வதில்லை என்று நிறுத்திக்கொண்டார்.

வாழ்நாள் முழுக்க எண்ணிப் பார்த்தால் பெரிய படைப்புகள் ஆறுதான். ஆனால் இந்தத் துறையில் இருப்பவர்கள் இவர் பெயரை எவ்வளவு மரியாதையோடு சொல்கிறார்கள் என்று பார்க்க வேண்டும். உலகம் முழுக்கப் பெயர் பெற்ற நிகழ்த்துகலைக் கலைஞர் மரினா அப்ரமோவிச்சே இவரை ஆசான் என்றுதான் சொல்கிறார்.

நிகழ்த்துகலை என்றால் நாடகம்தானே?

இல்லை. நாடகத்தில் நடிகர் இன்னொருவராக நடிக்கிறார். மேடையில் ஓர் ஆண்டு கழிந்தது என்று சொல்ல விளக்கை அணைத்து ஏற்றினால் போதும். நிகழ்த்துகலையில் கலைஞர் தானாகவே இருக்கிறார், செய்வதை நிஜமாகவே செய்கிறார். ஓவியருக்கு வண்ணமும் துணியும் எப்படியோ அப்படி இவர்களுக்கு உடலும் நேரமும்தான் பொருள். 1960களிலும் 70களிலும் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் ஜப்பானிலும் இது பரவலானது. பெரும்பாலோர் சில நிமிடங்கள், சில மணி நேரம், மிஞ்சினால் சில நாள் என்று செய்துகொண்டிருந்தபோது, சியே ஓர் ஆண்டு என்று அளவு வைத்தார். பூமி சூரியனை ஒரு முறை சுற்றி வரும் காலம் அது. மனிதர்கள் தங்கள் வாழ்க்கையை எண்ணுவதே அந்தக் கணக்கில்தான். அதனால்தான் ஓர் ஆண்டைத் தேர்ந்தெடுத்ததாக அவர் விளக்கியிருக்கிறார்.

அவருடைய இளமைக்காலம் எப்படி இருந்தது?

1950 டிசம்பர் 31 அன்று தைவானின் தென்கோடியில் உள்ள பிங்துங் மாவட்டத்தில் நான்ட்சோ என்ற ஊரில் பிறந்தார். பதினைந்து பிள்ளைகள் உள்ள பெரிய குடும்பம். அம்மா தீவிரக் கிறிஸ்தவர், அப்பாவுக்குக் கடவுள் நம்பிக்கை இல்லை. பள்ளிப்படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு ஓவியம் வரையத் தொடங்கினார். கட்டாய ராணுவச் சேவை 1973-இல் முடிந்தது. அந்த ஆண்டே முதல் தனிக் கண்காட்சி வைத்தார், அதன்பிறகு தூரிகையைக் கீழே போட்டார்.

அதே 1973-இல்தான் அவருடைய முதல் நிகழ்த்துகலை முயற்சி. சுமார் 15 அடி உயரத்து ஜன்னலிலிருந்து கீழே குதித்தார். ஒவ்வொரு கட்டமும் புகைப்படத்தில் இருக்கிறது. இரண்டு கணுக்கால்களும் உடைந்தன. இளைஞனின் ஆவேசம் என்பதைத் தாண்டி அந்தப் படைப்பில் எனக்குப் பெரிதாக எதுவும் தெரியவில்லை. பிற்காலத்துச் சியே உடம்பை உடைத்துக்கொள்வதில் நாட்டமே காட்டவில்லை என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

நியூயார்க்குக்கு எப்படி வந்தார்?

கப்பலில். மாலுமிப் பயிற்சி பெற்று வேலைக்குச் சேர்ந்தார். 1974 ஜூலையில் அமெரிக்காவின் டெலவேர் ஆற்றங்கரையில் பிலடெல்பியாவுக்கு அருகே கப்பல் நின்றபோது இறங்கிப்போய்விட்டார். அங்கிருந்து நியூயார்க். கையில் விசா இல்லை, ஆங்கிலமும் அவ்வளவாகத் தெரியாது. உணவகங்களில் பாத்திரம் கழுவினார், தரை துடைத்தார். நான்கு ஆண்டுகள் அப்படியே போயின. வேலை முடிந்து ஸ்டுடியோவுக்கு வந்து, என்ன படைப்பு செய்வது என்று யோசித்தபடி அங்குமிங்கும் நடப்பதுதான் அப்போது அவர் செய்துகொண்டிருந்தது. ஒரு நாள் பொறி தட்டியது: யோசித்தபடி நேரத்தைக் கழிக்கிறேனே, இதையே படைப்பாக்கினால் என்ன?

பதினான்கு ஆண்டுகள் அவர் ஆவணமில்லாத குடியேறியாகவே இருந்தார். 1986-இல் வந்த பொதுமன்னிப்புச் சட்டத்தின் கீழ் 1988-இல்தான் சட்டபூர்வ நிலை கிடைத்தது. அந்தச் சட்டத்தில் ஒரு நிபந்தனை உண்டு: 1982-க்கு முன்பிருந்தே அமெரிக்காவில் தொடர்ந்து வாழ்ந்ததற்குச் சான்று காட்ட வேண்டும். ஒவ்வொரு நாளையும், ஒரு கட்டத்தில் ஒவ்வொரு மணியையும், பதிவு செய்துவைத்திருந்த மனிதருக்கு இப்படி ஒரு நிபந்தனை!

கூண்டுப் படைப்பில் என்ன நடந்தது?

1978 செப்டம்பர் 30 முதல் 1979 செப்டம்பர் 29 வரை. இடம், மன்ஹாட்டனின் ஹட்சன் தெருவில் இருந்த அவருடைய ஸ்டுடியோ. பைன் மரக் கம்புகளை வைத்து அவரே கட்டிய கூண்டு பதினொன்றரை அடி நீளம், 9 அடி அகலம், 8 அடி உயரம். உள்ளே ஒற்றைக் கட்டில், கை கழுவும் தொட்டி, விளக்கு, கழிவுக்கு ஒரு வாளி. அவ்வளவுதான்.

தொடங்கும் முன் ஒரு பக்க அறிக்கையைத் தட்டச்சு செய்து கையெழுத்திட்டார். பேச மாட்டேன், படிக்க மாட்டேன், எழுத மாட்டேன், வானொலி கேட்க மாட்டேன், தொலைக்காட்சி பார்க்க மாட்டேன் என்பது அதன் சாரம். அதில் தன் பெயரை சாம் சியே என்று போட்டிருந்தார். நண்பர் ஒருவர் தினமும் சாப்பாடு கொண்டுவந்தார், துணிமணியைப் பார்த்துக்கொண்டார், வாளியை எடுத்துப் போய்க் கொட்டினார். அவரோடும் ஒரு வார்த்தை பேச்சு கிடையாது. மூன்று வாரத்துக்கு ஒரு நாள் பொதுமக்கள் வந்து பார்க்கலாம்.

கைதி உடை மாதிரி ஓர் உடுப்பு. நெஞ்சில் அச்சிட்ட எண் 93078, 92979 என்று இருக்கும். பார்த்தால் சிறை எண் போலத் தோன்றும். உண்மையில் அது தொடங்கிய தேதியும் முடியும் தேதியும்: ஒன்பதாம் மாதம் 30, 78, ஒன்பதாம் மாதம் 29, 79.

ஓர் ஆண்டு பேசாமல் படிக்காமல் ஒருவர் பைத்தியம் பிடிக்காமல் இருப்பது எப்படி?

இதற்கு அவர் சொன்ன பதில் எனக்கு மிகவும் பிடிக்கும். கூண்டின் ஒரு மூலையில் கட்டில் இருந்தது. அந்த மூலையை ‘வீடு’ என்று வைத்துக்கொண்டார், மற்ற மூன்று மூலைகளும் ‘வெளி’. கட்டிலிலிருந்து எழுந்து நடந்தால் வெளியே போகிறார் என்று அர்த்தம். நடந்து முடித்து வீட்டுக்குத் திரும்புவார். நூறு சதுர அடிக்குள் ஒரு வாசலை மனத்தாலேயே போட்டுக்கொண்டார்.

மற்றபடி அவர் உள்ளே செய்தது யோசிப்பது மட்டும்தான். கூண்டு உடலைத்தான் அடைத்தது, யோசனையை அடைக்கவில்லை என்று பிற்காலத்தில் பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். என்ன யோசித்தார் என்று கேட்டவர்களுக்கு அவர் விவரம் சொன்னதில்லை. பார்வையாளர்களுக்குக் கிடைப்பது தினம் ஒன்றாக எடுத்த புகைப்படங்கள் மட்டும். முதல் படத்தில் மொட்டைத் தலை, கடைசிப் படத்தில் தோளைத் தொடும் முடி. நடுவில் உள்ள படங்களை வரிசையாகப் பார்த்துக்கொண்டே போனால் முகத்தில் மாற்றம் எதுவுமே தெரியாது, ஆனால் முடி மட்டும் வளர்ந்துகொண்டே இருக்கும்.

இரவில் கதவைத் திறந்து வெளியே போய்வரவில்லை என்பதற்கு என்ன ஆதாரம்?

நியாயமான கேள்வி. சியேயே முதலில் இதைத்தான் யோசித்தார். ராபர்ட் ப்ரொஜான்ஸ்கி என்ற வழக்கறிஞரை அழைத்து, கூண்டைக் காகித முத்திரைகளால் ஒட்டி மூடச் செய்தார். ஒவ்வொரு முத்திரையிலும் அந்த வழக்கறிஞரின் கையெழுத்து. ஓர் ஆண்டு கழித்து அதே வழக்கறிஞர் வந்து முத்திரைகள் கிழியவில்லை என்று சரிபார்த்து எழுத்தில் கொடுத்தார்.

நம் ஊரில் பத்திரம் பதிவது போன்ற இந்தக் காகித வேலை அவருடைய எல்லாப் படைப்புகளிலும் உண்டு. தொடக்கத்தில் அறிக்கை, நடுவில் தினசரிப் பதிவு, முடிவில் சாட்சி. கலைக்கு எதற்கு நோட்டரி என்று சிலர் முகம் சுளிப்பார்கள். அரசாங்கத்தின் பார்வையில் ஆவணமே இல்லாத ஒரு மனிதர், தன்னுடைய ஓர் ஆண்டுக்கு இப்படி ஆவணம் உண்டாக்கிக்கொண்டார் என்று பார்த்தால் அந்தக் காகிதங்களின் கனம் தெரியும்.

மணிக்கொரு முறை அட்டை குத்திய படைப்பைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல முடியுமா?

சொல்ல வேண்டியதே இதைத்தான். என்னைக் கேட்டால் ஐந்தில் இதுதான் மிகச் சிறந்தது.

தொழிற்சாலை வாசலில் தொழிலாளர்கள் வந்த நேரத்தையும் போகும் நேரத்தையும் பதிவு செய்யும் இயந்திரம் இருக்குமல்லவா, அதில் ஒன்றை வாங்கி ஸ்டுடியோவில் ஓர் அறையில் மாட்டினார். 1980 ஏப்ரல் 11 இரவு 7 மணிக்கு முதல் குத்து. அதிலிருந்து ஒவ்வொரு மணி அடிக்கும்போதும், பகலோ இரவோ, அந்த அறைக்குள் போய் அட்டையைக் குத்த வேண்டும், குத்தியதும் உடனே வெளியேற வேண்டும். 1981 ஏப்ரல் 11 மாலை 6 மணிக்குக் கடைசிக் குத்து. மொத்தம் 8,760.

அதாவது ஓர் ஆண்டு முழுக்க ஒரே மூச்சில் ஒரு மணி நேரத்துக்கு மேல் தூங்க முடியாது. வீட்டிலிருந்து அரை மணி நேரத் தொலைவுக்கு மேல் போக முடியாது. திரைப்படம் பார்க்க உட்கார முடியாது, யாரோடும் நிம்மதியாகச் சாப்பிட முடியாது, வேலைக்குப் போக முடியாது. வேலைக்குப் போவதன் அடையாளமான அந்த இயந்திரத்துக்கு முன்னால் நின்றபடி, வேலை எதுவும் செய்யாத ஓர் ஆண்டு. பலன் என்று எதுவும் உற்பத்தியாகவில்லை. நேரம் மட்டும் உற்பத்தியானது.

சாம்பல் நிறத் தொழிலாளி உடுப்பு போட்டுக்கொண்டு, ஒவ்வொரு முறை குத்தும்போதும் இயந்திரத்துக்குப் பக்கத்தில் நின்று 16 எம்எம் கேமராவில் ஒரே ஒரு பிரேம் பதிவு செய்தார். அந்த பிரேம்களை எல்லாம் கோத்து ஓட்டினால் படம் ஆறு நிமிடம் ஓடுகிறது. சினிமாப் படச்சுருள் வினாடிக்கு 24 பிரேம் ஓடும், ஒரு நாளைக்கு 24 மணி. ஆக, திரையில் ஒரு வினாடி என்பது அவர் வாழ்க்கையில் ஒரு நாள். ஓர் ஆண்டு ஆறு நிமிடத்தில் கடந்துவிடுகிறது. பக்கத்தில் உள்ள கடிகார முள் பம்பரமாகச் சுழல்கிறது, முடி வளர்கிறது, உடல் நடுங்குவது போலத் துள்ளுகிறது. அசையாமல் நின்று எடுத்த படங்கள்தான் அவை, இருந்தும் மணிக்கு மணி அவர் நின்ற இடம் ஓர் இம்மி மாறியிருக்கும், அது திரையில் நடுக்கமாகத் தெரிகிறது.

8,760 முறையும் தவறாமல் குத்தினாரா?

இல்லை. 133 முறை தவறிவிட்டது. 94 முறை தூங்கிப்போனார். 29 முறை தாமதமாகப் போனார். 10 முறை அவசரப்பட்டு நேரத்துக்கு முன்பே குத்திவிட்டார்.

இந்தக் கணக்கை அவரேதான் வெளியிட்டார், காரணம் வாரியாக அட்டவணை போட்டு. அது கண்காட்சியில் அட்டைகளோடு சேர்ந்தே மாட்டியிருக்கும். தேதிக்கு ஒன்றாக 366 அட்டைகள் சுவர் முழுக்க வரிசையாக இருக்கின்றன. அதில் எங்கே பார்த்தாலும் எண்கள். திடீரென்று ஒரு கட்டம் காலியாக இருக்கும், விடியற்காலை 4 மணி, 5 மணி என்று. அந்த வெற்றுக் கட்டத்தின் முன்னால் நிற்கும்போதுதான் ஒரு மனிதர் அசந்து தூங்கிவிட்டார் என்பது உறைக்கிறது. பதிவான 8,627 குத்துகளையும் நம்பத் தோன்றுவது, விட்டுப்போன 133-ஐ அவர் மறைக்காததால்தான்.

மூன்றாவது படைப்பில் ஓர் ஆண்டு தெருவில் வாழ்ந்தாராமே?

1981 செப்டம்பர் 26 முதல் 1982 செப்டம்பர் 26 வரை. கட்டடம், சுரங்க ரயில், ரயில், கார், விமானம், கப்பல், குகை, கூடாரம் எதற்குள்ளும் நுழைய மாட்டேன் என்று அறிக்கை. தூங்கும் பை ஒன்று வைத்துக்கொள்ளலாம்.

அந்தக் குளிர்காலம் நியூயார்க்கில் மிகக் கடுமையாக இருந்தது. படங்களில் அவர் பார்க்கிங் இடங்களிலும், கைவிடப்பட்ட துறைமுக மேடைகளிலும், நெருப்பு மூட்டிய தகரப் பீப்பாய் பக்கத்திலும் தெரிகிறார். தினமும் மன்ஹாட்டனின் வரைபடப் பிரதி ஒன்றில் அன்று நடந்த வழியைக் கோடாக வரைந்து, எங்கே சாப்பிட்டார், எங்கே தூங்கினார், எங்கே மலம் கழித்தார் என்று நேரத்தோடு குறித்தார். அப்படி 365 வரைபடங்கள். பெரிய நகரத்தில் கதவே இல்லாத ஒருவருக்கு எவ்வளவு இடம் கிடைக்கும், எவ்வளவு கிடைக்காது என்பதை அந்த வரைபடங்களைப் போல வேறெதுவும் எனக்குக் காட்டியதில்லை.

ஒரே ஒரு முறை விதி உடைந்தது. 1982 மே மாதம் தெருவில் ஒரு சண்டை. போலீஸ் கைது செய்து காவல் நிலையத்துக்கு இழுத்துப்போனது. அது படமாகியிருக்கிறது. உள்ளே போக முடியாது, போகக் கூடாது என்று அவர் கதறுகிறார், காவலர்களுக்கு ஒன்றும் புரியவில்லை. 15 மணி நேரம் உள்ளே வைத்திருந்தார்கள். பிறகு வழக்கு நீதிமன்றத்துக்கு வந்தபோது, அவர் கட்டடத்துக்கு வெளியிலேயே நிற்கலாம், வழக்கறிஞர் உள்ளே வந்து பேசினால் போதும் என்று நீதிபதி அனுமதித்தார். ஒரு கலைப்படைப்பின் விதியை நீதிமன்றமே மதித்த அபூர்வமான தருணம் அது.

வீடில்லாதவர்களின் துயரத்தை இது காட்சிப்பொருளாக்குகிறது என்ற விமர்சனம் உண்டே?

உண்டு, அதைத் தட்டிக்கழிக்க முடியாது. அவர் தேர்ந்தெடுத்துத் தெருவுக்கு வந்தார், நாள் குறித்து வந்தார், முடிந்ததும் திரும்பிப் போக இடம் இருந்தது. தெருவில் கிடக்கும் மற்றவர்களுக்கு முடிவு தேதி கிடையாது. அவரும் தன்னை அவர்களின் பிரதிநிதி என்று ஒருபோதும் சொல்லிக்கொண்டதில்லை.

ஆனால் இதையும் சேர்த்து யோசிக்க வேண்டும்: அந்த ஓர் ஆண்டும் அவர் ஆவணமில்லாதவர். போலீஸ் பிடித்தால் நாடு கடத்தலாம் என்ற நிலை. 1978-இல் தன் புகைப்படமும் கைரேகையும் போட்டு, குடியேற்றத் துறையால் தேடப்படுபவர் என்று தனக்குத்தானே சுவரொட்டி அடித்தவர் அவர். காவல் நிலைய வாசலில் அவர் கதறியது படைப்பு கெடுகிறதே என்பதற்காகத்தான். ஆனால் அந்த வாசலைத் தாண்டுவதில் அவருக்கு வேறோர் ஆபத்தும் இருந்தது என்பதைப் படம் பார்ப்பவர்கள் மறந்துவிடக் கூடாது.

கயிற்றுப் படைப்பில் உடன் இருந்தவர் யார்?

லிண்டா மொன்டானோ. 1942-இல் பிறந்த அமெரிக்கக் கலைஞர். இளம் வயதில் இரண்டு ஆண்டுகள் கன்னியர் மடத்தில் இருந்தவர். யோகப் பயிற்சி, ஜென் தியானம் என்று தேடிக்கொண்டே இருந்தவர். ராமமூர்த்தி மிஸ்ரா என்ற இந்தியரிடம் யோகம் கற்றவர். 1973-இல் இன்னொரு கலைஞரோடு மூன்று நாள் கைவிலங்கு பூட்டி வாழ்ந்தும் பார்த்திருந்தார். மொன்டானோவைச் சியேயின் துணையாளராக மட்டும் நினைத்துப் பேசுபவர்கள் அவருக்கு அநியாயம் செய்கிறார்கள். இருவரும் சம பங்காளிகள், அறிக்கையிலும் இருவரின் கையெழுத்தும் இருக்கிறது.

1983 ஜூலை 4 மாலை 6 மணிக்கு இருவர் இடுப்பிலும் 8 அடிக் கயிறு கட்டப்பட்டது. அடுத்த ஆண்டு ஜூலை 4 மாலை 6 மணிக்கு அவிழ்க்கப்பட்டது. விதிகள்: தனியாக இருக்கக் கூடாது, உள்ளே இருந்தால் இருவரும் ஒரே அறையில் இருக்க வேண்டும், ஒருவரை ஒருவர் தொடவே கூடாது. கழிப்பறை உட்பட எல்லாம் இந்த விதிகளுக்குள்தான். அருகருகே இரண்டு கட்டில்கள். மொன்டானோவின் நாயும் கூடவே இருந்தது, பல படங்களில் அது தலைகாட்டும்.

இருவருக்கும் ஒத்துப்போனதா?

போகவில்லை. வேலைக்குப் போவது, நண்பரைப் பார்ப்பது, நாயோடு நடக்கப் போவது, எதற்கும் இருவரும் சம்மதிக்க வேண்டும். ஒருவர் வேண்டாம் என்றால் இருவருக்கும் இல்லை. நாளாக நாளாகப் பேச்சு குறைந்தது. அடுத்துக் கயிற்றைப் பிடித்து இழுப்பது. பிறகு சைகை. கடைசியில் வெறும் உறுமல் வரைக்கும் வந்தது என்று இருவருமே சொல்லியிருக்கிறார்கள். அவர்கள் தினமும் பேசியதை ஒலிநாடாவில் பதிவு செய்து, அந்த நாடாக்களை யாரும் கேட்காதபடி முத்திரையிட்டு வைத்தார்கள்.

நோக்கமும் வேறுவேறு. மொன்டானோவுக்கு இது ஒரு ஆன்மிகப் பயிற்சி, கவனம் சிதறாமல் இருக்கப் பழகுவது. சியேக்கு அப்படி எதுவும் இல்லை. மனிதர்கள் ஒருவரோடு ஒருவர் பிணைந்துதான் உயிர் வாழ்கிறார்கள், ஆனாலும் ஒவ்வொருவரும் தனி என்பதே அவருடைய அக்கறை. ஒரே கயிற்றின் இரு முனையில் இரண்டு வேறு படைப்புகள் நடந்தன என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. குடும்பம் நடத்தியவர்கள் யாருக்கும் இந்தப் படைப்பை விளக்கிச் சொல்லத் தேவையே இருக்காது.

அவிழ்த்த ஐந்தாறு மாதத்தில், 1984 டிசம்பரில், மொன்டானோ, யோக மரபு உடலில் இருப்பதாகச் சொல்லும் ஏழு சக்கரங்களை வைத்து ஏழு ஆண்டுப் படைப்பு ஒன்றைத் தொடங்கினார். ஒவ்வோர் ஆண்டும் ஒரே நிற உடை. முதல் ஆண்டு சிவப்பு, அப்புறம் ஆரஞ்சு, மஞ்சள் என்று மேலே ஏறிப் போகும்.

கலையே இல்லாத ஆண்டும் ஒரு படைப்பா?

1985 ஜூலை 1 முதல் 1986 ஜூலை 1 வரை கலை செய்வதில்லை, பேசுவதில்லை, பார்ப்பதில்லை, படிப்பதில்லை, காட்சிக்கூடத்துக்கோ அருங்காட்சியகத்துக்கோ போவதில்லை என்று அறிவித்தார். வாழ்வது மட்டும். அறிக்கையையும் சுவரொட்டியையும் தவிர இந்தப் படைப்பில் பார்க்க எதுவும் இல்லை. பலருக்கு இது தந்திரம் போலத் தோன்றும். முந்தைய நான்கையும் பார்க்காமல் இதை மட்டும் பார்த்தால் எனக்கும் அப்படித்தான் தோன்றும்.

பதின்மூன்று ஆண்டுத் திட்டம் என்பது என்ன?

1986 டிசம்பர் 31, அவருடைய 36-ஆவது பிறந்தநாள். அன்று தொடங்கி 1999 டிசம்பர் 31 வரை கலை செய்வேன், ஆனால் பொதுவில் காட்ட மாட்டேன் என்று அறிவித்துவிட்டு விலகினார். இடையில் ஒரு முறை, யாருக்கும் தெரியாமல் மறைந்துவிடலாம் என்று அலாஸ்காவை நோக்கிக் கிளம்பினார். சியாட்டில் வரை போய், சில மாதம் கூலி வேலை பார்த்து, அது சரிப்படாமல் நியூயார்க் திரும்பினார். மறுபடியும் பெயரும் ஊரும் இல்லாத குடியேறியின் வாழ்க்கையைத்தான் அங்கே வாழ வேண்டியிருந்தது.

2000 ஜனவரி 1 அன்று நியூயார்க்கின் ஜட்சன் நினைவு தேவாலயத்தில் கூட்டம் கூடியது. பதின்மூன்று ஆண்டில் என்ன செய்தார் என்று தெரிந்துகொள்ள வந்த கூட்டம். அவர் காட்டியது ஒரு தாள். வெட்டி ஒட்டிய எழுத்துகளில், நான் என்னை உயிரோடு வைத்திருந்தேன், 1999 டிசம்பர் 31-ஐக் கடந்துவிட்டேன் என்ற பொருளில் இரண்டே வாக்கியம்.

இதைத் தவம் என்று சொல்லலாமா? மௌன விரதம் போலத்தானே இருக்கிறது?

நம்மவர்கள் முதலில் கேட்பதே இதுதான். வெளித்தோற்றம் அப்படித்தான். ஆனால் தவத்துக்கு ஒரு பயன் உண்டு: வரமோ, ஞானமோ, வீடுபேறோ. சியே எதையும் அடைய வேண்டிச் செய்யவில்லை. கூண்டிலிருந்து வெளியே வந்தவர் ஞானியாக வரவில்லை, பாத்திரம் கழுவும் உலகத்துக்குத்தான் திரும்பினார். தன்னைத் துறவியாகப் பார்ப்பதை அவர் ஏற்பதே இல்லை.

வாழ்க்கை என்பது ஆயுள் தண்டனை, வாழ்க்கை என்பது நேரத்தைக் கழிப்பது, வாழ்க்கை என்பது சுதந்திரமாகச் சிந்திப்பது. அவர் அடிக்கடி சொல்வது இந்த மூன்றும்தான். கூண்டில் இருந்தாலும் நேரம் போகிறது, வெளியில் அலைந்தாலும் அதே அளவுதான் போகிறது. படைப்பு செய்தாலும் செய்யாவிட்டாலும் போகிறது. துன்பத்தைத் தாங்கிக் காட்டுவது அவர் நோக்கமில்லை என்று நான் திரும்பத் திரும்பச் சொல்வது இதனால்தான். ‘எப்படித் தாங்கினார்’ என்று வியப்பவர்கள் அவரைச் சாதனைப் புத்தகத்தில் போட்டுவிடுகிறார்கள். அட்டைகளிலும் வரைபடங்களிலும் உள்ளது சாதனை இல்லை, போன நேரம்.

இவ்வளவு பெரிய கலைஞர் என்றால் ஏன் பலருக்குத் தெரியவில்லை?

அவர் படைப்புகள் நடந்தபோது பார்த்தவர்கள் மிகக் குறைவு. விற்கப் பொருள் எதுவும் இல்லை, எனவே காட்சிக்கூட முதலாளிகளுக்கும் அக்கறை இல்லை. பதின்மூன்று ஆண்டுகள் அவரே ஒதுங்கிக்கொண்டார். 2009-இல்தான் நிலைமை மாறியது. நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகம் கூண்டையும் தினசரிப் படங்களையும் காட்சிக்கு வைத்தது. குகன்ஹைம் அருங்காட்சியகத்தின் பெரிய கண்காட்சி ஒன்றில் அட்டைகள் இடம்பெற்றன. ஏட்ரியன் ஹீத்ஃபீல்ட் என்ற ஆய்வாளர் அவரோடு சேர்ந்து எழுதிய பெரிய நூலும் அந்த ஆண்டே வந்தது. 2017-இல் வெனிஸ் பினாலே என்ற சர்வதேசக் கலைக் கண்காட்சியில் தைவான் அரங்கம் முழுக்க அவருக்கே ஒதுக்கப்பட்டது. கூண்டுக்குள் நுழைந்தபோது வயது 27. உலகம் திரும்பிப் பார்த்தபோது அறுபதை நெருங்கியிருந்தார்.

இவருடைய படைப்புகளை எங்கே பார்க்கலாம்? எதிலிருந்து தொடங்குவது?

நியூயார்க் நகரத்துக்கு வடக்கே, ஹட்சன் ஆற்றங்கரையில் பீக்கன் என்ற ஊர் இருக்கிறது. அங்கே பழைய பெட்டி அச்சிடும் தொழிற்சாலைக் கட்டடத்தில் இயங்கும் டியா அருங்காட்சியகத்தில், 2025 அக்டோபரில் அவருடைய ஆறு படைப்புகளையும் ஒன்றாக வைத்த கண்காட்சி திறக்கப்பட்டது. எந்தப் படைப்பு எவ்வளவு காலம் நீடித்ததோ அதற்கேற்ற அளவில் இடம் ஒதுக்கியிருக்கிறார்கள். அமெரிக்காவில் உறவினர் வீட்டுக்குப் போகிறவர்கள், கண்காட்சி இன்னும் இருக்கிறதா என்று விசாரித்துக்கொண்டு ஒரு நாள் போய்வரலாம், நியூயார்க்கிலிருந்து ரயில் உண்டு.

போக முடியாதவர்கள் அந்த ஆறு நிமிடப் படத்திலிருந்து தொடங்குங்கள். முதல் முறை முகத்தைப் பார்ப்போம், அது இயல்பு. இரண்டாம் முறை கடிகார முள்ளையும் அட்டையையும் பாருங்கள். அப்புறம் ஐந்து அறிக்கைகளையும் தேடிப் படியுங்கள். ஒவ்வொன்றும் சில வரிகள்தான், பள்ளிக்கூட ஆங்கிலம் போதும்.